பேக்கிங் லைன் பயிற்சிச் சேவை: எது தேறியது, எது தேறவில்லை

மூன்று பகுதிகளாக விற்கப்படும் சேவை இது: டேப்லெட்டில் பார்க்கும் பாடங்கள், திரையில் ஓடும் சிமுலேட்டர், அப்புறம் பயிற்சியாளர் நேரில் வந்து மெஷின் பக்கத்தில் நின்று சொல்லித்தருவது. மூன்றாவதற்குக் கொடுக்கும் காசு முழுசாகத் தகும், இரண்டாவது பாதி தேறும், முதலாவதைத் தனியாக யாராவது விற்க வந்தால் வாசலிலேயே அனுப்பிவிடலாம். நிறுவனத்தின் பெயரைப் போடவில்லை. கொஞ்சம் குறை சொல்லப் போகிறேன், அதுவுமில்லாமல் பேக்கேஜிங் தொழிலாளர்களுக்குத் திறன் கூட்டித் தருகிறோம் என்று வருகிறவர்களில் பலரும் இதே மூன்றையும்தான் வேறு வேறு உறையில் போட்டுக் கொடுக்கிறார்கள்.

நான் லைன் சூப்பர்வைசர். பவுடரைப் பையில் அடைத்து, பையை அட்டைப்பெட்டியில் போட்டு, பெட்டியைப் பேலட்டில் அடுக்கி அனுப்பும் லைன்கள். இத்தனை வருஷம் பயிற்சி இல்லாமல் ஓடிய லைனுக்கு இப்போது எதற்குப் பயிற்சி என்று கேட்டால், பை செய்யும் ஃபிலிம் மாறிவிட்டது, அதுதான் காரணம். பழைய லேமினேட்டில், அதாவது அடுக்குகளை ஒட்டிச் செய்த ஃபிலிமில், வெளி அடுக்கு பெட் (PET பிளாஸ்டிக்), உள் அடுக்கு பாலிஎத்திலீன். பெட் உருக 250 டிகிரிக்கு மேல் வேண்டும், பாலிஎத்திலீனுக்கு 110 முதல் 130-க்குள் போதும். அதனால் சீலிங் ஜாவின், அதாவது பையின் வாயைச் சூட்டோடு அழுத்தி ஒட்டும் தாடையின், சூட்டைக் கொஞ்சம் கூட்டி வைத்தாலும் வெளிப்பக்கம் ஒன்றும் ஆகாது. லீக் வந்தால் சூட்டை ஏற்று என்பதுதான் ஒவ்வொரு ஆபரேட்டரின் கையிலும் ஊறிப்போன வைத்தியம், அந்த ஃபிலிமில் அது பலிக்கவும் செய்தது. இப்போது மறுசுழற்சிக்காக உள்ளும் புறமும் ஒரே பிளாஸ்டிக்காக மாற்றுகிறார்கள். ஐரோப்பிய ஒன்றியத்தின் பேக்கேஜிங் சட்டம், 2025/40 எண்ணுடையது, 2025 பிப்ரவரியில் அமலுக்கு வந்துவிட்டது, 2030-க்குள் பேக்கேஜிங் எல்லாம் மறுசுழற்சிக்கு ஏற்றதாக இருக்க வேண்டும் என்கிறது, அங்கே சரக்கு விற்கிறவர்கள் எல்லோரும் ஃபிலிம் சப்ளையரை நச்சரிக்கிறார்கள். வெளி அடுக்கும் பாலிஎத்திலீன் ஆனதும் பழைய வைத்தியமே நோயாகிவிடுகிறது. சூட்டை ஏற்றினால் ஃபிலிம் ஜாவில் ஒட்டிக்கொண்டு சுருங்குகிறது, இறக்கினால் சீல் பிடிக்கவில்லை, நடுவில் இருக்கும் இடமோ சில டிகிரிதான்.

மெஷின் பக்கத்து வகுப்பு எங்களுக்கு இந்த இடத்தில்தான் கை கொடுத்தது. வந்த பயிற்சியாளர் பிரசன்டேஷன் எதுவும் போடவில்லை. எங்கள் மெஷின், எங்கள் ஃபிலிம், எங்கள் பவுடர். ஒரு நேரத்தில் ஒன்றைத்தான் மாற்ற வேண்டும் என்பது மட்டும் கறாரான விதி. சூட்டை ஐந்து ஐந்து டிகிரியாக ஏற்றி, ஒவ்வொரு படியிலும் பைகளை எடுத்து, சீலை 15 மில்லிமீட்டர் அகலப் பட்டையாக வெட்டி, இழுத்துப் பார்க்கும் கருவியில் மாட்டி, எத்தனை நியூட்டனில் பிரிகிறது என்று ஆபரேட்டர்களையே பலகையில் புள்ளி வைக்கச் சொன்னார். புள்ளிகள் ஏறி, கொஞ்ச தூரம் சமமாக ஓடி, அப்புறம் சரிந்தன. அந்தச் சமமான இடம் பழைய ஃபிலிமில் எவ்வளவு நீளம், புதிதில் எவ்வளவு குட்டை என்பதை இரண்டு கோடுகளாகப் பக்கத்தில் பக்கத்தில் பார்த்த பிறகு யாரும் வாதாடவில்லை. சுவரில் ஒட்டிய சுற்றறிக்கையால் நடக்காத காரியம் இது.

எங்களிடம் இருப்பவர்களிலேயே மூத்த ஆபரேட்டர், காதாலேயே மெஷினை ஓட்டுகிறவர், முதல் நாள் கையைக் கட்டிக்கொண்டுதான் நின்றார். "தம்பி, திரையில் 135-னு காட்டுது, ஆனா ஜா 135-லயா இருக்கு?" என்று அவர்தான் கேட்டார். பயிற்சியாளர் சிரித்துக்கொண்டே பையிலிருந்து சூட்டை அளக்கும் தெர்மோகப்பிள் ஒயரை எடுத்து ஜாவின் இடது ஓரம், நடு, வலது ஓரம் என்று மூன்று இடத்திலும் அவரையே வைத்துப் பார்க்கச் சொன்னார். ஓரம் நடுவைவிடக் குளிர்ந்திருந்தது, ஏனென்றால் ஜாவின் முனைகளில் சூடு வெளியே போய்க்கொண்டே இருக்கும், சென்சரோ நடுவில் உட்கார்ந்திருக்கிறது. எங்கள் லீக் பெரும்பாலும் பையின் மூலைகளில் வந்ததற்கு இதுதான் காரணம். அதற்கப்புறம் அவர் கையைக் கட்டவில்லை.

வேகத்தைப் பற்றியும் அங்கேயே பேசினார்கள். நிமிஷத்துக்கு 60 பை ஓடினால் ஒரு பைக்கு ஒரு வினாடி, 80 ஆக்கினால் முக்கால் வினாடி, ஜா மூடியிருக்கும் நேரம் அதற்குள் ஒரு பங்குதான். சூடு, அழுத்தம், நேரம் மூன்றும் சேர்ந்துதான் சீல். டார்கெட் குறைகிறது என்று வேகத்தை மட்டும் தள்ளிவிட்டுப் போகிற ஆட்கள் (எங்கள் அலுவலகத்திலும் உண்டு, அவர்களையும் வகுப்பில் உட்கார வைத்திருக்கலாம்) அந்த மூன்றாவதைச் சத்தமில்லாமல் திருடுகிறார்கள்.

வகுப்பு முடிந்ததும் ஒவ்வொரு வேலைக்கும் ஒரு தாள் எழுத வைத்தார்கள். இடது பக்கம் படி, நடுவில் கவனிக்க வேண்டியது, வலது பக்கம் ஏன் என்பது. 1940-களில் போர்க்காலத் தொழிற்சாலைகளுக்காக அமெரிக்காவில் உருவான பழைய முறையிலிருந்து வந்ததுதான், இவர்கள் கண்டுபிடித்தது போலப் பேசினாலும். "ஜாவைத் துடை, பித்தளை பிரஷ் மட்டும், இரும்பு கூடாது, ஜா முகம் கீறினால் அந்தக் கீறல் வழியே லீக் வரும்." இவ்வளவுதான் ஒரு வரி. ஆனால் மூத்தவர் கையில் மட்டும் இருந்தது தாளுக்கு வந்துவிட்டது, புதுசாக வரும் பையன் அதைப் படித்துவிட்டு ஏன் என்று கேட்காமல் வேலையைத் தொடங்குகிறான். இந்தச் சேவை ஆலையில் விட்டுப்போனதில் உருப்படியானது இந்தத் தாள்கள்தான்.

சிமுலேட்டருக்கு வருவோம். மெஷின் நின்றுவிட்டால் எதனால் நின்றது என்று படிக்கப் பழக்குவதில் இது நன்றாகவே இருக்கிறது. புதிய மெஷின்கள் பலவற்றில் பேக்எம்எல் என்கிற பொதுவான நிலைப் பெயர்கள் வருகின்றன, அதில் ஹெல்ட் என்றால் கோளாறு இந்த மெஷினுக்குள், சஸ்பெண்டட் என்றால் முன்னால் இருப்பதோ பின்னால் இருப்பதோ சரக்கு தரவில்லை அல்லது வாங்கவில்லை. இந்த ஒரு வித்தியாசம் தெரியாமல் நிரப்பும் மெஷினைத் திறந்து குடைந்துகொண்டிருப்பார்கள், அந்தக் கோடியில் பெட்டி டேப் தீர்ந்து நின்றிருக்கும். சிமுலேட்டரில் இதைத் திரும்பத் திரும்பப் போட்டு வாட்டுகிறார்கள், நல்லதுதான். பூட்டுப் போட்டு வேலை செய்யும் பாதுகாப்புப் பாடமும் சுருக்கமாக, சரியாக இருக்கிறது. மின்சாரத்தை அணைத்த பிறகும் சிலிண்டரில் அழுத்தக் காற்று மிச்சம் இருக்கும், அதை வெளியேற்றாமல் கையை உள்ளே விட்டால் ஜா மூடும் என்பதைக் காட்டும்போது இளசுகள் முகம் கொஞ்சம் மாறியது.

குறை என்னவென்றால் சிமுலேட்டரில் வரும் ஜாம் எல்லாம் ரொம்ப ஒழுக்கமான ஜாம். ஒரு பை சிக்கும், சிவப்பு விளக்கு எரியும், கதவைத் திற, பையை எடு, ரீசெட் அழுத்து, முடிந்தது. நிஜத்தில் பவுடர் சீலுக்குள் ஏறி, ஃபிலிம் ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டு, ஐ மார்க்கை (பையை எங்கே வெட்ட வேண்டும் என்று ஃபிலிமில் அச்சடித்த குறியை) சென்சர் தவறவிட்டு, மூன்று கோளாறும் ஒன்றாக வரும், அலாரம் நான்காவதாக ஒன்றைச் சொல்லும். அதற்கு சிமுலேட்டரில் வழியில்லை. சைஸ் மாற்றும் பயிற்சி மட்டும் விதிவிலக்கு. ஜப்பானியத் தொழிற்சாலை வல்லுநர் ஷிகேயோ ஷிங்கோ சொன்ன அதே கணக்கு: மெஷின் நின்றால்தான் செய்ய முடிகிற வேலை எது, ஓடும்போதே செய்து வைக்கக்கூடியது எது என்று முதலில் பிரி. அடுத்த ரோல், ஃபிலிமைப் பை வடிவத்துக்கு வளைக்கும் அடுத்த ஃபார்மிங் காலர், ஸ்பேனர், எல்லாவற்றையும் டிராலியில் முன்னாலேயே கொண்டுவந்து நிறுத்துவது அதில் வந்த பழக்கம். சைஸ் மாற்றும் நேரம் கண்ணுக்குத் தெரியும்படி குறைந்தது.

டேப்லெட் பாடங்கள் பற்றி அதிகம் எழுத ஒன்றுமில்லை. ஒரு குரல் மெதுவாகப் படிக்கும், தாண்டிப் போக முடியாது, கடைசியில் நான்கு விடைகளில் மூன்று வேடிக்கையாக இருக்கும், மிச்சம் இருப்பதை அழுத்தினால் சான்றிதழ். லைனில் நிற்கிறவனுக்கு கையுறையைக் கழற்றி டேப்லெட்டைத் தொட எங்கே நேரம்? ஒரே ஒரு பாடம் மட்டும் எல்லோரும் முழுசாகப் பார்த்தார்கள், அது பார்கோடு பற்றியது. 1974 ஜூன் 26-ல் கடைப் பொருட்களுக்கான யுபிசி பார்கோடு முதன்முதலாக சூயிங் கம் பாக்கெட்டில் ஸ்கேன் ஆனதில் தொடங்கி, 2027 முடிவதற்குள் கடை கவுன்டர்கள் க்யூஆர் போன்ற இரட்டைப் பரிமாணக் குறியீடுகளையும் படிக்க வேண்டும் என்ற, பார்கோடு தரங்களை வகுக்கும் ஜிஎஸ்1 அமைப்பின் இலக்கு வரை போகிறது. அந்தக் குறியீட்டில் பேட்ச் எண்ணும் காலாவதித் தேதியும் சேர்ந்து வரலாம், அப்படி வந்தால் அதை லைனிலேயே அச்சடித்து லைனிலேயே கேமரா படித்துப் பார்க்க வேண்டும், மை கொஞ்சம் பரவினாலும் சுற்றியுள்ள வெற்றிடம் குறைந்தாலும் படிக்காது. அதாவது தேதியும் எண்ணும் அச்சடிக்கும் கோடிங் மெஷினைத் துடைக்கிற ஹெல்பர் வேலை நாளைக்குத் தரக்கட்டுப்பாட்டு வேலை. சொன்ன விதமும் நன்றாக இருந்தது, மற்றப் பாடங்களை எழுதியவர்கள் இவரிடம் கேட்டிருக்கலாம்.

இனி, வேலையே மாறுகிறவர்கள். கையால் பெட்டியில் அடுக்கியவர்களின் இடத்துக்கு ரோபோ வரும்போது அவர்களை வேறு வேலைக்குத் தயார் செய்வோம் என்று விளம்பரத்தில் இருக்கிறது. உலகப் பொருளாதார மன்றத்தின் 2025 அறிக்கை, உலகத் தொழிலாளர்களை 100 பேராக வைத்துக்கொண்டால் 2030-க்குள் 59 பேருக்குப் பயிற்சி தேவைப்படும், அதில் 19 பேரை அதே நிறுவனத்திலேயே வேறு வேலைக்கு மாற்ற வேண்டிவரும், 11 பேருக்குத் தேவையான பயிற்சி கிடைக்கவே கிடைக்காது என்று கணக்குப் போட்டது. சேவை நிறுவனத்துக்காரர்கள் இந்தக் கணக்கைத்தான் முதல் சந்திப்பில் காட்டினார்கள். காட்டிவிட்டு, கையால் அடுக்கியவர்களுக்கு ரோபோவை ஓட விடுவது, நிறுத்துவது, ரீசெட் செய்வது மூன்றையும் சொல்லிக்கொடுத்துச் சான்றிதழ் தந்தார்கள். மூன்று பட்டனுக்கு இத்தனை ஆள் எதற்கு என்று அந்தத் தொழிலாளர்களே கேட்டுக்கொண்டார்கள், நியாயமான கேள்வி.

உருப்படியான வழி பயிற்சியாளரின் பாடத்திட்டத்துக்கு வெளியே கிடைத்தது. பழுதான பெட்டிகளைக் கண்டுபிடித்து ஒதுக்கும் கேமரா நல்ல பெட்டிகளையும் சேர்த்துத் தள்ளிக்கொண்டிருந்தது. வருஷக்கணக்காகப் பெட்டி அடுக்கிய ஓர் அக்கா ரிஜெக்ட் தொட்டியைப் பார்த்துவிட்டு, இது மடிப்பில் வெடித்தது, இது வெறும் நிழல், இது பசை அதிகம் ஆனால் போகலாம், என்று கை நிற்காமல் பிரித்துக் குவித்தார். பயிற்சியாளர் புத்திசாலி, உடனே அந்தக் குவியல்களைப் படமெடுக்க வைத்து, கேமராவின் வரம்புகளை அவரை வைத்தே திருத்தக் கற்றுக்கொடுத்தார். இப்போது அந்தத் திரை அவர் பொறுப்பில் இருக்கிறது. அவருடைய வேலை கிரேடு இன்னும் பழையதுதான், அது சேவை நிறுவனத்தின் குற்றம் இல்லை, எங்கள் மேலிடத்துக்கு அனுப்பிய கோப்பு எங்கேயோ தூங்குகிறது.

என் பெரிய மனத்தாங்கல் இரவு ஷிஃப்ட். பயிற்சியாளர் பகலில் மட்டும்தான் வருவார், இரவு ஆட்களுக்கு வீடியோ. லீக் அதிகம் வருவதே இரவில்தான், மெயின்டனன்ஸ் ஆளும் குறைவு, கேட்க ஆளும் குறைவு. இரண்டாவது, பிற்பாடு வந்து பார்ப்பது. பயிற்சியை அளக்க 1959-ல் டொனால்ட் கிர்க்பாட்ரிக் வகுத்த நான்கு நிலைகள் இந்தத் துறையில் எல்லோருக்கும் தெரியும்: பிடித்ததா, கற்றார்களா, வேலையில் நடந்துகொள்ளும் விதம் மாறியதா, பலன் வந்ததா. இவர்கள் தரும் ரிப்போர்ட்டில் முதல் இரண்டுக்குத்தான் வண்ண வண்ண வரைபடம். மற்ற இரண்டுக்கும் எங்கள் ரிஜெக்ட் பதிவேட்டைக் கொடுக்கிறோம், ஒப்பிட்டுச் சொல்லுங்கள் என்றால் பேச்சு மாறுகிறது. நாங்களே ஒப்பிட்டோம்: நேரடி வகுப்பு நடந்த லைனில் சீல் ரிஜெக்ட் இறங்கியது, டேப்லெட்டோடு விட்ட லைனில் அசையவில்லை.

வாங்குவதாக இருந்தால் டெமோவுக்குச் சம்மதிக்கும்போதே உங்கள் ஃபிலிம் ரோலை உங்கள் மெஷினில் போட்டு நடத்தச் சொல்லுங்கள். தயங்கினால் அவர்களிடம் இருப்பது பிரசன்டேஷன் மட்டும்தான். வரப்போகும் பயிற்சியாளர் இதற்கு முன் எந்த மெஷினில் நின்றிருக்கிறார் என்று கேளுங்கள், விற்பனைக்கு வருகிறவர் வேறு, வகுப்புக்கு வருகிறவர் வேறு. எங்களுக்கு வந்தவர் நல்லவராக அமைந்தார். பக்கத்து யூனிட்டுக்கு இதே நிறுவனத்திலிருந்து போனவர் டேப்லெட்டைக் கொடுத்துவிட்டு கேன்டீனில் உட்கார்ந்திருந்தாராம்.

நாங்கள் நேரடிப் பகுதியை மட்டும், பையை அட்டைப்பெட்டியில் போடும் கார்ட்டனிங் மெஷினுக்காக மறுபடி கேட்டிருக்கிறோம், இரவு ஷிஃப்ட்டுக்கும் ஆள் வர வேண்டும் என்று ஒப்பந்தத்தில் ஒரு வரி சேர்த்து அனுப்பியிருக்கிறோம். தனித்தனியாக விற்பதில்லை, மொத்தமாகத்தான் தருவோம் என்கிறார்கள். பேசிக்கொண்டிருக்கிறோம்.