ஆறு வருஷமா கேம்ப்ளே ரெக்கார்ட் பண்றேன், இன்னும் முதல் ரெண்டு நிமிஷம் பயமாத்தான் இருக்கு

மூணு மணி நேரம் நாப்பது நிமிஷம். கேம் சத்தம் பக்காவா கேக்குது, நான் கத்துனது, பாஸ் ஃபைட்ல தோத்து திட்டுனது எல்லாம் கேக்குது, ஆனா படம் மட்டும் கன்னங்கரேல்னு இருக்கு, நடுவுல மவுஸ் அம்புக்குறி மட்டும் அனாதையா அங்கயும் இங்கயும் ஓடுது. நான் முதல் முதலா ரெக்கார்ட் பண்ண நீள வீடியோ இதுதான். டெலிட் பண்ண மனசு வராம ரொம்ப நாள் வச்சிருந்தேன்.

ரெக்கார்டிங்ல இருக்குற பெரிய வில்லங்கமே இதுதான். கேம் க்ராஷ் ஆனா அந்த நிமிஷமே தெரிஞ்சிரும், நெட் போனாலும் தெரிஞ்சிரும், ரெக்கார்டிங் சொதப்புனா மட்டும் விளையாடி முடிச்சு ஃபைல ஓபன் பண்ற வரைக்கும் மூச்சு விடாது. ஆறு வருஷத்துல லேப்டாப், டெஸ்க்டாப், பிளேஸ்டேஷன் (பிஎஸ்4, பிஎஸ்5), ஒரு மட்டமான கேப்சர் கார்டு (கன்சோல் படத்த பிசிக்குள்ள கொண்டு வர்ற டப்பா), ஒரு நல்ல கேப்சர் கார்டுன்னு எல்லாத்துலயும் அடி வாங்கிட்டேன், அதான் எழுதுறேன்.

முதல்ல அந்த கறுப்பு ஸ்கிரீன் கதை. அப்ப என்கிட்ட இருந்தது லேப்டாப், ஓபிஎஸ்ங்குற ரெக்கார்டிங் சாஃப்ட்வேர்ல டிஸ்ப்ளே கேப்சர் (மொத்த ஸ்கிரீனையும் எடுக்குறது) போட்டிருந்தேன். கேமிங் லேப்டாப்ல பெரும்பாலும் ரெண்டு ஜிபியு (படம் வரையுற சிப்) இருக்கும், ப்ராசஸரோட வர்ற சின்னது ஒண்ணு, தனி கிராபிக்ஸ் கார்டு ஒண்ணு, ஸ்கிரீன் நிறைய மாடல்ல அந்த சின்னதுலதான் மாட்டியிருக்கும். ஓபிஎஸ் போய் பெரிய கார்டுல உக்காந்துட்டா அதால ஸ்கிரீன்ல என்ன ஓடுதுன்னே பாக்க முடியாது, அதனால கறுப்பு. விண்டோஸ் செட்டிங்ஸ்ல சிஸ்டம், டிஸ்ப்ளே, கிராபிக்ஸ்னு போனா ஆப் ஒவ்வொண்ணுக்கும் எந்த ஜிபியுன்னு சொல்லலாம், அங்க ஓபிஎஸ்ஸ பவர் சேவிங்ல போட்டேன், படம் வந்துருச்சு. சந்தோஷத்துல டிஸ்ப்ளே கேப்சர எடுத்துட்டு கேம் கேப்சர் (கேம் படத்த மட்டும் எடுக்குறது) போட்டேன், திரும்ப கறுப்பு! ஏன்னா கேம் கேப்சருக்கு கேம் எந்த கார்டுல ஓடுதோ அதே கார்டுல ஓபிஎஸ்ஸும் ஓடணும், அதுக்கு ஹை பெர்ஃபார்மன்ஸ். ஒண்ணுக்கு இது, இன்னொண்ணுக்கு அது, நேர் எதிர். இந்த ஒரு விஷயம் புரியாம ஓபிஎஸ்ஸ நான் எத்தன தடவ ரீஇன்ஸ்டால் பண்ணிருப்பேன்னு கேக்காதீங்க.

அடுத்து டெஸ்க்டாப் வாங்குனேன், இனிமே கவலையே இல்லன்னு நெனச்சேன். விளையாடும்போது வெண்ணெய் மாதிரி போகுது, ரெக்கார்ட் ஆன வீடியோ மட்டும் திக்குவாய் மாதிரி விட்டு விட்டு ஓடுது. ப்ராசஸருக்கு தெம்பு பத்தலன்னு நானே முடிவு பண்ணி ப்ராசஸரையே மாத்துனேன். மாத்துன அன்னைக்கு ராத்திரியும் அதே திக்கல். அப்புறம்தான் ஒருத்தன் கேட்டான், "மச்சான், ஸ்டேட்ஸ் விண்டோ பாத்தியா?" அப்படி ஒண்ணு இருக்குறதே எனக்கு தெரியாது.

ஓபிஎஸ் மெனுவுல இருந்து ஸ்டேட்ஸ்னு ஒரு சின்ன ஜன்னல திறக்கலாம். அதுல ஃப்ரேம் (வீடியோவோட ஒவ்வொரு படமும்) தொலைஞ்சு போனதுக்கு மூணு தனித்தனி கணக்கு இருக்கு. ரெண்டரிங் லேக்னால போனது, என்கோடிங் லேக்னால போனது, நெட்வொர்க்னால டிராப் ஆனது. மூணாவது லைவ் ஸ்ட்ரீம் பண்றவங்களுக்குதான், சும்மா ரெக்கார்ட் பண்றவங்க அத கண்டுக்கவே வேணாம். என்கோடிங் லேக் ஏறுனா படத்த சுருக்கி ஃபைலா ஆக்குற என்கோடரால ஈடு கொடுக்க முடியலன்னு அர்த்தம், அப்ப ப்ராசஸர்ல ஓடுற எக்ஸ்264 என்கோடர வச்சிருந்தா கிராபிக்ஸ் கார்டுல இருக்குற என்விஎன்க் மாதிரி ஹார்டுவேர் என்கோடருக்கு மாறலாம், இல்ல ப்ரீசெட்ட (என்கோடரோட வேக செட்டிங்) இன்னும் வேகமானதுக்கு எறக்கலாம். ரெண்டரிங் லேக் ஏறுனா ஜிபியுவ கேம் முழுசா முழுங்கிருச்சு, ஓபிஎஸ்ஸுக்கு ஒரு ஃப்ரேம கோத்து எடுக்கக்கூட எடம் இல்லன்னு அர்த்தம். எனக்கு என்கோடிங் லேக் சுத்தமா பூஜ்யம், ரெண்டரிங் லேக் 18 சதவீதம். அதாவது ப்ராசஸர் மேல தப்பே இல்ல, பாவம் அத போய் மாத்திட்டேன்.

கேமோட எஃப்பிஎஸ்க்கு (செகண்டுக்கு எத்தன ஃப்ரேம்) நான் லிமிட்டே போடல, மெனு ஸ்கிரீன்லயே 300 தாண்டி ஓடிட்டு இருந்துச்சு, ஜிபியு எப்ப பாத்தாலும் 99 சதவீதம். 60-க்கு லிமிட் போட்டேன், ஓபிஎஸ்ஸ அட்மினா ரன் பண்ணேன் (அப்படி ஓட்டுனாதான் ஜிபியுல அதுக்கு முன்னுரிமை கிடைக்கும்), ரெண்டரிங் லேக் பூஜ்யத்துக்கு வந்துருச்சு. வீடியோவே 60 ஃப்ரேம்ல எடுக்குறவன் கேம 240-ல ஓட்டி என்ன சாதிக்கப் போறேன் சொல்லுங்க. போட்டி கேம் ஆடுறவங்க இதுக்கு சண்டைக்கு வருவாங்க, வரட்டும், அவங்க 140, 160-ன்னு ஜிபியு மூச்சு விடுற அளவுக்கு ஒரு நம்பர் வச்சுக்கலாம், முட்டுற வரைக்கும் விடக்கூடாது அவ்ளோதான்.

ஃபைல் ஃபார்மட் பத்தி ரொம்ப நேரம் பேச மாட்டேன். எம்பி4-ல ரெக்கார்ட் பண்ணிட்டு இருக்கும்போது கரண்ட் போச்சுன்னா இல்ல பிசி தொங்குச்சுன்னா மொத்த ஃபைலும் போச்சு, ஏன்னா அத திறக்கத் தேவையான குறிப்பு கடைசியா ரெக்கார்டிங்க நிறுத்தும்போதுதான் எழுதப்படும். எம்கேவி-ல போட்டா அந்த செகண்ட் வரைக்கும் எடுத்தது பத்திரமா இருக்கும், அப்புறம் ஓபிஎஸ்லயே ரீமக்ஸ் (வீடியோவ தொடாம ஃபைல் ஃபார்மட்ட மட்டும் மாத்துறது) குடுத்து எம்பி4 ஆக்கிக்கலாம், குவாலிட்டி துளி கூட குறையாது. 2024-ல வந்த 30.2 வெர்ஷன்ல இருந்து ஹைப்ரிட் எம்பி4-ன்னு ஒண்ணு இருக்கு, அது ரெண்டுத்துக்கும் நடுவுல, க்ராஷ் ஆனாலும் தாங்கும். நான் பழக்கதோஷத்துல இன்னும் எம்கேவிதான்.

சைஸ் கணக்கு தெரிஞ்சு வச்சுக்கோங்க, செகண்டுக்கு 50 மெகாபிட்ல ஒரு மணி நேரம் எடுத்தா 22.5 ஜிபி வரும். லைவுக்கு வைக்குற சிபிஆர் (எந்த சீனுக்கும் ஒரே பிட் அளவு) செட்டிங்க அப்படியே ரெக்கார்டிங்குக்கும் வச்சுக்கிட்டு "ஓடுற சீன்ல புல்லெல்லாம் கஞ்சி மாதிரி தெரியுது"ன்னு பொலம்புறவங்க நிறைய பேரு. ரெக்கார்டிங்குக்கு சிக்யூபி (தரத்த நிலையா வச்சு பிட் அளவ மாத்திக்குறது) போட்டு 20 பக்கத்துல வைங்க, அமைதியான சீன்ல கம்மியா எடுத்துக்கும், அடிதடி சீன்ல வேணுங்குறத எடுத்துக்கும், கஞ்சி காணாம போயிரும். அப்புறம் ரெக்கார்டிங் எப்பவும் 28 நிமிஷத்துக்கிட்ட நிக்குதுன்னு ஒரு வாரம் மண்டைய பிச்சிருக்கேன், கடைசில பாத்தா நான் சேவ் பண்ண பழைய எக்ஸ்டர்னல் டிரைவ் ஃபேட்32-ங்குற பழைய ஃபார்மட்ல இருக்கு. அதுல ஒரு ஃபைல் 4 ஜிபிய தாண்ட முடியாது, நான் வச்சிருந்த 20 மெகாபிட்டுக்கு அது சரியா 28 நிமிஷம் சொச்சம். எக்ஸ்ஃபேட்டா ஃபார்மட் பண்ணேன், முடிஞ்சுது.

இப்ப எனக்கு ரொம்ப எரிச்சல் தந்த விஷயத்துக்கு வர்றேன், சத்தமும் படமும் ஒட்டாம போறது. எல்லாரும் இத ஒரே வியாதின்னு நெனைக்குறாங்க, இது ரெண்டு வியாதி. எப்படி கண்டுபிடிக்குறதுன்னா ரெக்கார்டிங் ஆரம்பிச்சதும் கேமரா முன்னாடி ஒரு தடவ கைதட்டுங்க, முடிக்கும்போது இன்னொரு தடவ தட்டுங்க (கேமரா இல்லன்னா ஆரம்பத்துல ஒரு துப்பாக்கி சுடுங்க, கடைசில ஒண்ணு, கேமுக்குள்ளதான் சொல்றேன்). ரெண்டு எடத்துலயும் ஒரே அளவு தள்ளி இருந்தா அது நிலையான தாமதம், ஓபிஎஸ்ல அட்வான்ஸ்டு ஆடியோ ப்ராப்பர்டீஸ்ல சிங்க் ஆஃப்செட்னு மில்லிசெகண்ட் கணக்குல ஒரு கட்டம் இருக்கு, அதுல ஒரு நம்பர் போட்டா தீந்துது. எனக்கு கேப்சர் கார்டு படம் லேட்டா வருது, மைக் உடனே வருது, அதனால மைக்குக்கு 180 போட்டிருக்கேன்.

ஆரம்பத்துல ஒட்டி இருந்து கடைசில ரெண்டு செகண்ட் தள்ளி இருந்துச்சுன்னா அது வேற, அங்க ஆஃப்செட் போட்டு பிரயோஜனமே இல்ல, முன்னாடி சரி பண்ணா பின்னாடி கெடும். எனக்கு மைக்கோட சாம்பிள் ரேட் (சத்தத்த செகண்டுக்கு எத்தன தடவ அளக்குதுங்குறது) 44.1 கிலோஹெர்ட்ஸ்லயும் மத்ததெல்லாம் 48-லயும் இருந்துச்சு, விண்டோஸ், ஓபிஎஸ் ரெண்டுலயும் எல்லாத்தையும் 48-க்கு மாத்துன பிறகு அந்த ஓட்டம் நின்னுச்சு. இன்னொரு காரணம் வேரியபிள் ஃப்ரேம் ரேட். விண்டோஸோட கேம் பார்லயோ ஃபோன்லயோ எடுத்த வீடியோல ஃப்ரேம் ரேட் ஏறி எறங்கிட்டே இருக்கும், ப்ளேயர்ல பாக்க நல்லாத்தான் இருக்கும், எடிட்டர்ல போட்டதும் சில எடிட்டர் குழம்பிரும். ஹேண்ட்பிரேக்ங்குற வீடியோ கன்வர்ட்டர்ல கான்ஸ்டன்ட் ஃப்ரேம் ரேட் குடுத்து ஒரு தடவ ஓட்டி எடுத்துட்டு அப்புறம் எடிட் பண்ணுங்க.

கன்சோல் பக்கம். உள்ளயே இருக்குற ரெக்கார்டிங் சின்ன க்ளிப்புக்கு போதும், பிஎஸ்4, பிஎஸ்5 ரெண்டும் அதிகபட்சம் ஒரு மணி நேரம் வரைக்கும் எடுக்கும், நின்டெண்டோ ஸ்விட்ச்ல கேப்சர் பட்டன அமுக்கிப் பிடிச்சா கடைசி 30 செகண்ட். பிஎஸ்4-ல நான் பண்ண கூத்த சொல்றேன், ஒரு வெறித்தனமான மேட்ச் முடிஞ்சுது, கடைசி 15 நிமிஷத்த சேவ் பண்ணலாம்னு பதட்டத்துல ஷேர் பட்டன ரெண்டு தடவ தட்டிட்டேன். ரெண்டு தடவ தட்டுனா சேவ் ஆகாது, புதுசா ரெக்கார்டிங் ஆரம்பிக்கும், அதுவரைக்கும் பிடிச்சு வச்சிருந்தது காலி. ஒரு தடவ தட்டி மெனுவுல இருந்துதான் சேவ் பண்ணணும்.

நீளமா எடுக்க கேப்சர் கார்டு மாட்டுனா பிளேஸ்டேஷன்ல முதல்ல வர்றது மறுபடியும் கறுப்பு ஸ்கிரீன்தான், ஆனா காரணம் வேற. ஹெச்டிசிபின்னு ஒரு காப்பி தடுப்பு, செட்டிங்ஸ்ல போய் ஆஃப் பண்ணணும், பிஎஸ்5-ல அது சிஸ்டம், ஹெச்டிஎம்ஐ உள்ள இருக்கு. ஆஃப்ல இருக்குற வரைக்கும் படம் பாக்குற ஆப் ஓடாது, அதுக்கு திரும்ப ஆன் பண்ணிக்கணும். அதுக்கப்புறமும் கலர் சோகை புடிச்ச மாதிரி வெளுத்து தெரிஞ்சா ஹெச்டிஆர் (வெளிச்சமும் கலரும் கூட்டிக் காட்டுற மோடு) ஆன்ல இருக்கும், அதையும் ஆஃப் பண்ணிப் பாருங்க.

என் முதல் கேப்சர் கார்டு டப்பா மேல பெருசா 4கேன்னு போட்டிருந்துச்சு. பேரு சொல்லல, அதே டப்பா பத்து பேர்ல விக்குறாங்க. அந்த 4கே உள்ள வாங்குற சிக்னலுக்கு மட்டும், பிசிக்கு குடுக்குறது 1080பி 30 ஃப்ரேம், அதுவும் நசுக்கி. கணக்கு போட்டுப் பாத்தா புரியும், நசுக்காத 1080பி 60 ஃப்ரேம் வீடியோ செகண்டுக்கு கிட்டத்தட்ட 2 கிகாபிட், யுஎஸ்பி 2.0 தாங்குறதே 480 மெகாபிட்தான், அப்புறம் எப்படி? ரெண்டாவது கார்டு யுஎஸ்பி 3.0, நாலு வருஷமா ஓடுது, ஒரே ஒரு தடவ மக்கர் பண்ணுச்சு, அதுவும் நான் தெரியாம 2.0 போர்ட்ல சொருகுனதால. இன்னொண்ணு, ப்ரிவ்யூ ஜன்னல பாத்து விளையாடாதீங்க, அது லேட்டாதான் வரும், கார்டுல இருக்குற பாஸ்த்ரூல (படத்த அப்படியே வெளிய அனுப்புற போர்ட்) டிவிய மாட்டி டிவிய பாத்து ஆடுங்க.

மைக்குக்கு தனி டிராக், கேமுக்கு தனி டிராக், கூட ஆடுறவங்க பேச்சுக்கு தனி டிராக், இத முதல் நாளே பண்ணிருங்க. ப்ளூடூத் ஹெட்செட்ல மைக்கும் யூஸ் பண்ணா கேம் சத்தமே பழைய டெலிஃபோன் மாதிரி ஆயிரும், ஹெட்செட் போச்சுன்னு பயப்படாதீங்க, மைக்க மட்டும் தனியா வாங்குங்க.

இப்பல்லாம் எத எடுத்தாலும் முதல்ல ரெண்டு நிமிஷம் ஓட்டி, நிறுத்தி, ஃபைல திறந்து, ஹெட்ஃபோன் மாட்டிக் கேட்டுட்டுதான் ஆரம்பிக்குறேன், கூட ஆடுறவங்க கடுப்பாகுறாங்க. இன்னும் தீராத ஒண்ணு இருக்கு, ஒரு பழைய கேம்ல ஃபுல்ஸ்கிரீன்ல இருந்து ஆல்ட் டேப் அடிச்சு வெளிய வந்துட்டு திரும்ப உள்ள போனா வீடியோ மட்டும் அந்த ஃப்ரேம்லயே உறைஞ்சு நிக்கும், சத்தம் ஓடும். என்னென்னமோ பண்ணிப் பாத்துட்டேன். இப்ப அந்த கேம பார்டர்லெஸ்ல (ஸ்கிரீன் முழுக்க விரிச்ச ஓரம் இல்லாத ஜன்னல்) ஆடுறேன், ஆல்ட் டேப் கீ மேல கையே வைக்குறதில்ல.