சோனட்டைனா, ஹனாபியா: கிட்டானோவை எங்கிருந்து தொடங்குவது?

ஜப்பானிய இயக்குநர் தகேஷி கிட்டானோ தானே எழுதி, இயக்கி, நடித்த யகுசா (ஜப்பானிய ரவுடிக் கும்பல்) படங்களில் முதலில் எதைப் பார்ப்பது என்று கேட்டால் இந்த இரண்டில் ஒன்றைத்தான் சொல்வேன்.

'சோனட்டைன்' 1993இல் வந்தது. டோக்கியோ ரவுடி முரகாவாவை ஒரு கும்பல் சண்டையைத் தீர்க்க ஒகினாவாவுக்கு அனுப்புகிறார்கள், ஆட்கள் சாக, மிச்சம் இருப்பவர்கள் கடற்கரை வீடொன்றில் பதுங்குகிறார்கள். அப்புறம் கதையே நின்றுவிடுகிறது! காகித பொம்மைகளை வைத்து சுமோ ஆடுகிறார்கள், பிறகு மணலில் வட்டம் போட்டு அவர்களே அந்தப் பொம்மைகள் மாதிரி விறைப்பாக ஆடுகிறார்கள், குழி தோண்டி ஒருவரையொருவர் விழ வைக்கிறார்கள். சாவு பக்கத்தில் நிற்கும்போது வரும் இந்தச் சிரிப்பை எழுத முதலில் மேடை நகைச்சுவையில் தேறிய ஒருவரால்தான் முடியும்.

1994இல் ஸ்கூட்டர் விபத்து. கிட்டானோவின் முகத்தில் ஒரு பக்கம் செயலிழந்தது. 1997இல் வந்த 'ஹனாபி'யில் அந்த முகத்தைப் பாருங்கள்: கருப்புக் கண்ணாடி, அதிகம் பேசாத வாய், அவ்வப்போது துடிக்கும் கன்னம். நோயாளி மனைவியோடு கடைசிப் பயணம் போகும் முன்னாள் போலீஸ்காரர் நிஷி, அவ்வளவுதான் கதை. படத்தில் வரும் ஓவியங்களும் கிட்டானோவே வரைந்தவை. வெனிஸ் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கச் சிங்கம் வாங்கியது இதுதான்.

நடிகராக அவரைப் பார்க்க ஹனாபி. ஆனால் எழுத்து சோனட்டைனில்தான் துணிச்சலானது, அதையே முதலில் பாருங்கள்.