விண்டோஸ் அப்டேட் பாதியில் நின்றால்: ஃபோல்டரைக் காலி செய்வதா, மேலேயே மறுபடி நிறுவுவதா?

அப்டேட் ஒவ்வொரு முறையும் இறங்கி, ரீஸ்டார்ட் ஆகி, "மாற்றங்கள் திரும்பப் பெறப்படுகின்றன" என்று பழைய நிலைக்கே வருகிறதா? முதலில் சி டிரைவில் இடம் இருக்கிறதா என்று பாருங்கள். பலருக்குச் சிக்கல் அங்கேதான்.

இடம் இருந்தும் தோற்றால், எளிய வழி: சர்வீசஸ் என்ற விண்டோஸ் கருவியில் விண்டோஸ் அப்டேட்டையும், பின்னணியில் ஃபைல்களை இறக்கும் பிட்ஸையும் (BITS) நிறுத்தி, விண்டோஸ் ஃபோல்டருக்குள் இருக்கும், இறங்கிய அப்டேட்டுகளை வைக்கும் சாஃப்ட்வேர்டிஸ்ட்ரிபியூஷன் (SoftwareDistribution) ஃபோல்டரின் பெயரை மாற்றுவது. சர்வீஸ்களை மறுபடி ஓடவிட்டால் புது ஃபோல்டர் தானாக உருவாகும். ஐந்து நிமிட வேலை. அப்டேட் வரலாறு மட்டும் காலியாகத் தெரியும், போனால் போகட்டும். ஆனால் இது கோளாறாக இறங்கிய ஃபைல்களுக்குத்தான் மருந்து. சிஸ்டம் ஃபைலே கெட்டிருந்தால் பலிக்காது.

அப்போதுதான் இரண்டாவது வழி. மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து ஐஎஸ்ஓவை, அதாவது விண்டோஸை நிறுவும் முழு ஃபைலை, இறக்கி, ஓடிக்கொண்டிருக்கும் விண்டோஸுக்குள்ளிருந்தே செட்டப்பை ஓட்டுவது. விண்டோஸ் 11 என்றால் 5 ஜிபிக்கு மேல் டேட்டா போகும், கணினியும் ஒரு மணி நேரத்துக்கும் மேலாக உங்கள் கைக்கு வராது. மொழி பொருந்தாவிட்டால் "ஃபைல்களையும் ஆப்களையும் வைத்திரு" என்ற தேர்வு மங்கிவிடும்; அப்படியானால் அங்கேயே நிறுத்திவிடுங்கள். சரியாகப் போனால் எல்லாம் இருந்த இடத்திலேயே இருக்கும். பிடிக்கவில்லையா, 10 நாட்களுக்குள் பின்வாங்கலாம்.

நான் முதல் வழி ஒரு தடவை தோற்றதுமே இரண்டாவதற்குப் போய்விடுவேன். பேக்கப் எடுத்த பிறகு, லேப்டாப்பைச் சார்ஜரில் போட்டுவிட்டு.