உடைத்துப் பார்ப்பதா, உடையாமல் எடுப்பதா?

காப்பித்தூளிலிருந்து பிரித்தெடுத்த கஃபீனை இரண்டு குப்பிகளில் பகிர்ந்துகொள்வோம். ஒன்று எலக்ட்ரான் மோதல் முறையில் இயங்கும் நிறை நிறமாலைமானிக்கு (மூலக்கூறுகளுக்கு மின்னேற்றி அவற்றின் நிறையை அளக்கும் கருவி), மற்றொன்று அதே வேலையை எலக்ட்ரோஸ்பிரே முறையில் செய்யும் கருவிக்கு. வரும் படங்களை, அதாவது நிறமாலைகளை, பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் ஒரே பொருள் என்று யாரும் சொல்லமாட்டார்கள். முதல் படத்தில் 194, 109, 82, 67, 55 என்ற நிறைகளில் முகடுகளின் ஒரு வேலியே நிற்கும். இரண்டாவதில் 195 என்ற ஒற்றைப் பனைமரம். சற்றுத் தள்ளி 217 இல் ஒரு குட்டைச் செடி.

ஆய்வுக்கூடத்துக்குப் புதிதாக வருபவர்கள் "இதில் எது நல்ல முறை?" என்று கேட்பார்கள். நிறமாலையைப் படிக்கக் கற்றுக்கொள்ள மோதல் முறை, பிழைப்புக்கு எலக்ட்ரோஸ்பிரே என்பேன். பாதி விளையாட்டாகச் சொல்வதுதான், ஆனால் பாதி மட்டுமே.

மோதல் முறை பழையது. 1918 இல் இயற்பியலாளர் டெம்ப்ஸ்டர் தொடங்கிவைத்தது. வெற்றிடத்தில் ஆவியாக மிதக்கும் மூலக்கூறுகளின் மீது, சூடான இழையிலிருந்து வரும் எலக்ட்ரான்களை 70 எலக்ட்ரான் வோல்ட் ஆற்றலில் பாய்ச்சுகிறோம். பெரும்பாலான கரிமச் சேர்மங்களிலிருந்து ஓர் எலக்ட்ரானைப் பிடுங்கப் பத்து எலக்ட்ரான் வோல்ட் அளவே போதும். மிஞ்சும் ஆற்றலில் ஒரு பங்கு உள்ளே தங்கிப் பிணைப்புகளை முறிக்கிறது. முரட்டுத்தனம்தான். ஆனால் உலகம் முழுவதும் அதே 70 என்பதால், எந்த ஊர்க் கருவியில் எடுத்தாலும் ஏறக்குறைய ஒரே மாதிரித்தான் உடைகிறது. லட்சக்கணக்கான நிறமாலைகளைத் தொகுத்த நூலகங்களோடு ஒப்பிட முடிவது இதனால்தான்.

கஃபீனின் உடைந்த துண்டுகளைப் பானை ஓடுகளைப்போல அடுக்கிப் பார்ப்போம். 194 முழுப் பானை. அதிலிருந்து 57 போனால் 137. போனது மெத்தில் ஐசோசயனேட். 137 லேசாகத் தலைகாட்டிவிட்டு, 28 நிறையுள்ள கார்பன் மோனாக்சைடை உதறி 109 ஆகிறது. அடுத்து ஹைட்ரஜன் சயனைடின் 27 போய் 82, இன்னொரு 27 போய் 55. எண்களைவிட எண்களுக்கு இடையிலான கழித்தலைப் பார்க்கப் பழகியவருக்கு நிறமாலை கதையாக விரியும். அந்தப் பழக்கத்தை இந்த முறைபோல வேறெதுவும் தருவதில்லை.

குறை என்னவென்றால், ஆவியாகாததை இதற்குள் அனுப்ப முடியாது. சர்க்கரையை அனுப்ப வேண்டுமானால் முதலில் சிலில் என்ற சிலிக்கான் தொகுதிகளைப் போர்த்தி ஆவியாகும்படி மாற்ற வேண்டும். மஞ்சளின் குர்குமின், மாதிரியைச் சூட்டில் ஆவியாக்கிக் குழாய் வழியே பிரித்து அனுப்பும் வாயு நிறச்சாரல்பிரிகையின் சூட்டிலேயே சிதைகிறது. நீண்ட சங்கிலி ஆல்கஹால்களோ தண்ணீரை இழந்துவிட்டு, முழு மூலக்கூறின் முகட்டையே காட்டாமல் ஏமாற்றும். ஓடுகள் கிடைக்கும், பானையின் அளவு தெரியாது. இதற்கு மருந்தாகத்தான் 1966 இல் வேதியியலாளர்கள் மன்சனும் ஃபீல்டும் மீத்தேன் வாயுவைக் கொண்டு மென்மையான வேதி அயனியாக்கத்தைக் கொண்டுவந்தார்கள். நல்ல துணைதான், ஆனாலும் பொருள் ஆவியாகித்தான் தீரவேண்டும்.

எலக்ட்ரோஸ்பிரே அந்தத் தடையையே தாண்டியது. மூன்று நான்காயிரம் வோல்ட் ஏற்றிய ஊசியின் முனையில் கரைசல் மின்னேற்றமுள்ள துளிகளாகச் சிதறுகிறது. கரைப்பான் ஆவியாக ஆவியாகத் துளி சுருங்கி, மின்விலக்கத்தால் பிளந்து, கடைசியில் புரோட்டான் ஒட்டிய மூலக்கூறு உடையாமல் வெளியே வருகிறது. 1980களில் யேல் பல்கலைக்கழகத்தில் ஜான் ஃபென் இதைப் பெரிய மூலக்கூறுகளுக்குப் பழக்கினார். 2002 இல் நோபல் பரிசில் பங்கு பெற்றார்.

கருவி காட்டுவது நிறையை மின்சுமையால் வகுத்த எண். பெரிய புரதங்கள் இதில் வெவ்வேறு எண்ணிக்கையில் பல புரோட்டான்களை ஏந்தி வருவதால் முகடுகள் வரிசையாக நிற்கும். முதல் தடவை பார்க்கும்போது கலவை என்றே தோன்றும். குதிரை இதயத்து மயோகுளோபினில் 998.15, 1060.48 என்ற, ஒரு புரோட்டான் வித்தியாசமுள்ள இரண்டு அடுத்தடுத்த முகடுகளை எடுத்துக்கொள்ளுங்கள். இடைவெளி 62.33. சிறிய எண்ணில் ஒரு புரோட்டானின் நிறையான 1.007 ஐக் கழித்து இடைவெளியால் வகுத்தால் 16. ஆக 1060.48 இல் இருப்பது 16 புரோட்டான் ஏந்தியது. அதிலும் 1.007 ஐக் கழித்து 16 ஆல் பெருக்கினால் சுமார் 16,951. தாளில் மூன்று வரிக் கணக்கில் ஒரு புரதத்தின் எடை!

ஆனால் இந்த மென்மைக்குள் கண்ணிகள் உண்டு. அந்த 217 என்ன? புரோட்டானுக்குப் பதில் சோடியம் ஒட்டிய அதே கஃபீன். வேலைக்குச் சேர்ந்த புதிதில், 22 தள்ளி நின்ற இப்படியொரு முகட்டை மாசு என்று அறிக்கையில் எழுதிவிட்டு, இரண்டு நாள் அந்த மாசைத் தேடி அலைந்திருக்கிறேன். கரைசலில் உப்பு கூடினால் முகடே அமுங்கிப்போகும். பாஸ்பேட் உப்புள்ள தாங்கல் கரைசலோடு வருபவரை வாசலிலேயே திருப்பி அனுப்புவதுதான் நல்லது. நைட்ரஜன் எண்ணிக்கை ஒற்றைப்படையானால் மூலக்கூறின் நிறையும் ஒற்றைப்படை என்ற நைட்ரஜன் விதியும் இங்கே தலைகீழ். மிளகின் பைப்பரினில் ஒரே நைட்ரஜன் என்பதால் மோதல் முறையில் 285 என்ற ஒற்றைப்படை எண், எலக்ட்ரோஸ்பிரேயில் 286. இதை மறந்தால் நைட்ரஜன் எண்ணிக்கையே பிசகும்.

உடையாததால் அமைப்பு தெரியாதே என்றால், 195 ஐ மட்டும் பிடித்து வாயு மூலக்கூறுகளோடு மோதவிடலாம். 138 வரும். கழித்துப் பாருங்கள்: அதே 57. ஆனால் இந்த வாயு மோதலின் ஆற்றல் கருவிக்குக் கருவி வேறுபடுவதால், நூலக ஒப்பீட்டில் பழைய முறையின் உறுதி இங்கே இல்லை.

மால்டியை இந்தப் போட்டியில் சேர்ப்பது கொஞ்சம் அநியாயம். மேட்ரிக்ஸ் என்ற, லேசர் ஒளியை உறிஞ்சும் சேர்மத்தின் படிகத்தில் புதைத்த மாதிரியை 337 நானோமீட்டர் லேசரால் சுடும் முறை அது. பெரும்பாலும் ஒற்றை மின்சுமை, உப்பையும் ஓரளவு பொறுத்துக்கொள்ளும். மருத்துவமனைகளில் பாக்டீரியா இனத்தை நிமிடங்களில் சொல்ல இதற்கு இணை இல்லை. கஃபீனுக்கோ உதவாது. 500க்குக் கீழே மேட்ரிக்ஸின் சொந்த முகடுகளே சந்தைபோல நெரிசலாக இருக்கும். ஃபென்னோடு 2002 இல் பரிசு பெற்ற கொய்ச்சி தனாக்கா, கோபால்ட் தூளில் கிளிசரினைத் தவறுதலாகக் கலந்துதான் தன் வழியைக் கண்டார். ஆனால் இன்று எல்லோரும் பயன்படுத்துவது ஜெர்மானிய விஞ்ஞானிகள் காரஸும் ஹில்லன்காம்பும் வகுத்த வழி. பரிசு அவர்களுக்கும் போயிருக்க வேண்டும் என்பது என் கட்சி.

கடைசியாக, எந்த முறையிலும் மாதிரியில் இல்லாத பேய் முகடுகள் உலவும். மோதல் முறையில் 207 உம் 281 உம் தெரிந்தால் அது உங்கள் கண்டுபிடிப்பல்ல, வாயு நிறச்சாரல்பிரிகைக் குழாயின் உட்பூச்சு சூட்டில் சிதைந்து கசிகிறது. எலக்ட்ரோஸ்பிரேயில் 391 என்றால், கரைப்பானை எந்தப் பிளாஸ்டிக் பாத்திரத்தில் ஊற்றி வைத்தீர்கள் என்று யோசியுங்கள்.