19 பேர் சென்றோம், 17 பேர் கையெழுத்திட்டோம்: ஒரு வக்கீல் அலுவலகத்தின் சேவை குறித்து

ஒப்பந்தத்தில் சொன்ன தேதிக்குள் அடுக்குமாடி வீடுகளை ஒப்படைக்காத கட்டுமான நிறுவனத்தின் மீது நுகர்வோர் ஆணையத்தில் கூட்டாகப் புகார் அளிப்பதற்காக, நாங்கள் 19 பேர் ஒரு வக்கீல் அலுவலகத்தை நாடினோம். வழக்கு நிலுவையில் இருப்பதால் அலுவலகத்தின் பெயரைக் குறிப்பிடவில்லை. ஆணையம் மனுவை ஏற்றுக் கோப்புக்கு எடுக்கும் வரை கிடைத்த சேவையைப் பற்றி மட்டுமே எழுதுகிறேன்.

முதல் சந்திப்பில் வழக்கறிஞர் எங்களிடம் கேட்ட கேள்வி ஒன்றுதான்: "உங்களுக்காக மட்டும் கேட்கிறீர்களா, அங்கே வீடு வாங்கிய எல்லாருக்காகவும் கேட்கிறீர்களா?" இரண்டும் ஒன்றுதானே என்று எண்ணியிருந்த எங்களுக்கு, இரண்டுக்கும் நடைமுறையே வேறு என்பதை அவர் பொறுமையாக விளக்கினார். எல்லாருக்காகவும் கேட்பதென்றால், 2019ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின் 35(1)(இ) பிரிவின்படி ஆணையத்தின் அனுமதி பெற வேண்டும். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் முதல் கட்டளை, 8ஆம் விதி பொருந்தும். அதன்படி மற்ற வீட்டுக்காரர்கள் அனைவருக்கும் எங்கள் செலவில் அறிவிப்புச் சேர்ப்பிக்க வேண்டும், அது இயலாதென்றால் பொது விளம்பரம் தர வேண்டும். அவர்களுக்குத் தெரிவிக்காமல் இடையில் சமரசம் செய்துகொள்ளவோ மனுவைத் திரும்பப் பெறவோ முடியாது. தீர்ப்பு அனைவரையும் கட்டுப்படுத்தும்.

அதற்கு அவர் காட்டிய இரண்டு தீர்ப்புகள் பயனுள்ளவை. சென்னை அசோக் நகரில் வீடு ஒதுக்கீடு பெற்றவர்கள் தொடர்பான வீட்டுவசதி வாரிய வழக்கில், ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகப் பணம் கேட்டுக் கடிதம் வந்திருந்தாலும் நலன் பொதுவாக இருந்தால் ஒருவர் அனைவருக்காகவும் வழக்காடலாம் என்று 1990இல் உச்ச நீதிமன்றம் கூறியது. ஆனால் 2021இல் பிரிகேட் என்டர்பிரைசஸ் என்ற கட்டுமான நிறுவனத்தின் வழக்கில், 1,134 வீடுகளில் 51 வீடுகளை வாங்கிய 91 பேர் அனைவர் சார்பாகவும் தொடுத்த புகாரை, எல்லாருக்கும் ஒரே நலன் என்பதற்கான விவரங்கள் மனுவில் போதவில்லை என்று கூறி, அவர்கள் தங்களுக்காக மட்டும் நடத்தும் கூட்டுப் புகாராகவே அதே நீதிமன்றம் அனுமதித்தது. எங்கள் தாமதமும் ஆளுக்கு ஆள் மாறுபட்டதால், எங்களுக்காக மட்டும் கேட்கும் கூட்டுப் புகாரே பொருந்தும் என்று முடிவானது. வேறு சில இடங்களில் விசாரித்தபோது "சேர்ந்தே போட்டுவிடலாம்" என்ற பதில்தான் கிடைத்தது என்பதையும் சொல்ல வேண்டும்.

அடுத்து அவர் செய்த வேலைக்காகவே இந்த அலுவலகத்தைப் பரிந்துரைப்பேன். ஒவ்வொருவரின் ஒப்பந்தத் தேதி, கட்டிய தொகை, உறுதியளித்த நாள், சாவி பெற்ற நாள் ஆகியவற்றை ஒரே அட்டவணையாக்கி மனுவின் உடலிலேயே சேர்த்தார். அப்போதுதான் இருவர் சாவி வாங்கி இரண்டு ஆண்டுகளுக்கு மேலாகிவிட்டது தெரிந்தது. காலவரம்பு தாண்டிய அவர்களையும் சேர்த்தால் மொத்த மனுவும் அந்த விவாதத்தில் சிக்கக்கூடும் என்று கூறி, தாமதத்தைப் பொறுத்தருளும் மனுவுடன் தனியே தாக்கல் செய்யச் சொன்னார். கட்டணத்தில் இருவரை இழக்கும் ஆலோசனை அது.

குறைகளும் உண்டு. வழக்கறிஞர் கவனம் செலுத்திய இடத்தில் எல்லாம் சரியாக இருந்தது. குமாஸ்தாவின் மேசைக்குப் போனதும் நிலைமை மாறியது. துபாயில் இருக்கும் ஒருவருக்காக அவருடைய தம்பி கையெழுத்திட்டிருந்தார், ஆனால் அதற்கான பவர் பத்திரத்தின் நகலை இணைக்க மறந்துவிட்டார்கள். அந்த ஒரு தாளுக்காக 17 பேரின் மனுவும் திருத்தத்துக்குத் திரும்பி, மூன்று வாரங்கள் வீணாயின. கூட்டு மனுவில் ஒருவரின் குறை அனைவரின் குறையாகிவிடும் என்பது குமாஸ்தாவுக்குத் தெரியாத செய்தி அல்ல.

கட்டணத்தை மொத்தமாகப் பேசியிருந்தும், நோட்டரிச் செலவும் நகல் செலவும் பிறகு ஆள்வாரியாகக் கேட்கப்பட்டன. பிரமாணப் பத்திரம் ஒவ்வொருவரும் தனித்தனியாகத் தர வேண்டியிருப்பதால் செலவு நியாயமானதே, ஆனால் முதல் நாளே சொல்லியிருக்கலாம்.

இரண்டு மூன்று பேர் மட்டும் சேர்ந்து செல்பவர்களுக்கு இந்த அலுவலகத்தின் கட்டணம் அதிகம். பத்துப் பேருக்கு மேல் இருந்து, ஒவ்வொருவரின் கணக்கும் வேறாக இருந்தால் தயங்காமல் செல்லலாம். நோட்டரி, நகல் செலவுகளை மட்டும் முதலிலேயே எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள், தாக்கலுக்கு முன் இணைப்புகளை உங்களில் ஒருவரே உட்கார்ந்து எண்ணிப் பாருங்கள்.