பழங்குடியினர் சாதிச் சான்றிதழ் சேவை: இ-சேவை மையத்திலிருந்து உயர் நீதிமன்றம் வரை ஒரு மதிப்பீடு

வேலூர் மாவட்டம் அணைக்கட்டு வட்டத்தின் பீஞ்சமந்தை, பாலாம்பட்டு, ஜார்தான்கொல்லை ஊராட்சிகளிலிருந்து இறங்கி வரும் மலையாளி என்ற பழங்குடிக் குடும்பங்களுக்கு (கேரளத்தவர் அல்ல) மனு எழுதிக் கொடுப்பவன் என்ற முறையில் இந்தச் சேவையை மதிப்பிடுகிறேன். விண்ணப்பிக்கும் கட்டத்தில் பெரிய குறை எதுவும் இல்லை. இ-சேவை மையத்தில் 60 ரூபாய் கட்டினால் மனு பதிவாகிவிடும். 1989 நவம்பருக்குப் பிறகு இந்தச் சான்றைத் தாசில்தார் தர இயலாது, கோட்டாட்சியரே தர வேண்டும். அதற்கு முன் தாசில்தார் கொடுத்த சான்றும் செல்லும் என்று சென்னைத் துறைமுக ஊழியர் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1997இல் கூறியிருப்பதால், அப்பாவின் பழைய காகிதத்தை யாரும் தூக்கிப் போட்டுவிட வேண்டாம்.

பட்டியலிலும் குழப்பம் இல்லை. மாவட்டம் பலமுறை பிரிந்த பிறகும், பழங்குடியினர் பட்டியலில் மலையாளிகளுக்கு நேரே 'வட ஆர்க்காடு' என்ற பழைய பெயர் அப்படியே இருக்கிறது. ஈரோட்டு மலைகளில் வாழும் அதே இனத்தாருக்கு இந்த வாய்ப்பு இல்லை. அவர்களைச் சேர்க்க நாடாளுமன்றத்தால்தான் முடியும், நீதிமன்றத்தால் முடியாது என்பதை உச்ச நீதிமன்றத்தின் 2000ஆம் ஆண்டு மிலிந்த் தீர்ப்பு உறுதி செய்துவிட்டது.

உண்மையான சிக்கல், வேலை கிடைத்த பின் சான்றின் மெய்த்தன்மையைச் சரிபார்க்க அனுப்பும்போதுதான் தொடங்குகிறது. மாநிலக் கூர்நோக்குக் குழுவின் விசாரணை ஆண்டுக்கணக்கில் நீண்டு, ஓய்வு பெறும் நாளில்கூட முடியாமல் ஓய்வூதியப் பலன்கள் நின்றுபோவது உண்டு. உச்ச நீதிமன்றத்தின் 1994ஆம் ஆண்டு மாதுரி பாட்டீல் தீர்ப்போ, குழு இரண்டு மாதங்களுக்குள் விசாரணையை முடிக்க வேண்டும் என்கிறது. குழுவுக்காக நேரில் விசாரிக்கும் விழிப்புப் பிரிவு வீட்டுக்கே சென்று விசாரிக்க வேண்டும் என்றும், அதன் அறிக்கை பாதகமாக இருந்தால் நகலைக் கொடுத்து விளக்கம் கேட்க வேண்டும் என்றும் அதே தீர்ப்பு கூறுகிறது.

எனக்குத் தெரிந்த ஓர் இளைஞரிடம் விசாரணைக்கு வந்தவர், சாவுச் சடங்கில் யார் முதலில் என்ன செய்வார்கள் என்று கேட்டார். ஆறாம் வகுப்பிலிருந்து விடுதியில் வளர்ந்த அந்தப் பிள்ளை, "பாட்டியைக் கேளுங்க சார்" என்றது. அறிக்கையில் 'இனப் பழக்கவழக்கங்களை அறியாதவர்' என்று ஒரு வரி ஏறியது. தாத்தா பெயரிலிருந்த பழைய நில ஆவணத்தைப் பற்றி அதில் ஒரு வரிகூட இல்லை. நவீன வாழ்வில் இத்தகைய அடையாளங்கள் மங்கும், ஆகவே சடங்கு, வழிபாடு குறித்த சோதனையை மட்டும் வைத்துச் சான்றை மறுக்கக் கூடாது, விடுதலைக்கு முந்தைய ஆவணங்களுக்குக் கூடுதல் மதிப்பு தர வேண்டும் என்று உச்ச நீதிமன்றத்தில் ஆனந்த் வழக்கில் 2011இல் தீர்ப்பு வந்தது. இச்சோதனை முடிவான உரைகல் அல்ல என்று மூன்று நீதிபதிகள் அமர்வும் 2023 மார்ச்சில் கூறிவிட்டது. இவையெல்லாம் விசாரணைக்கு வருபவரின் காதுக்கு எட்டுவதில்லை என்பதே என் முதன்மைக் குறை. பொய்ச் சான்றால் பெற்ற வேலையைப் பறிக்க வேண்டும் என்ற 2017ஆம் ஆண்டுத் தீர்ப்பில் எனக்கு மறுப்பில்லை. இருளர் பிள்ளைக்குரிய இடத்தை வேறொருவர் பறிப்பதும் நடக்கத்தான் செய்கிறது.

இனி நீதிமன்றக் கட்டம். சான்றை ரத்து செய்யும் உத்தரவை எதிர்த்து, அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின் கீழ் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். தனி நீதிபதியின் தீர்ப்புக்கு மேல் முறையீடு இல்லை என்று மாதுரி பாட்டீல் தீர்ப்பு 1994இல் விதித்திருந்த தடையையும், 2011இல் தயாராம் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. இந்த அளவில் சேவை நன்று. ஆனால் மனுதாரர் எந்த இனம் என்பதை நீதிமன்றம் பொதுவாகத் தானே தேடிக் கண்டுபிடிக்காது. நகல் கொடுத்தார்களா, விளக்கத்தைப் படித்தார்களா, காரணம் எழுதினார்களா, ஆவணத்தை ஒதுக்கினார்களா என்றுதான் பார்க்கும். தவறு தெரிந்தால் உத்தரவை ரத்து செய்து, பெரும்பாலும் அதே குழுவுக்கே திருப்பி அனுப்பும். வென்ற கையோடு மறுபடி வரிசையில் நிற்க வேண்டியிருப்பதால் ஐந்துக்கு மூன்று நட்சத்திரம்தான் தருகிறேன்.

ஆகவே வழக்கின் பலம் சென்னையில் அல்ல, குழுவுக்குக் கொடுக்கும் விளக்கத்தில்தான் இருக்கிறது. ஒவ்வொரு ஆவணத்தையும் எண்ணிட்டு எழுதி, பெற்றுக்கொண்டதற்கு ஒப்புதல் வாங்கி வையுங்கள். வக்கீல் கட்டணத்துக்கு ஆட்டை விற்க வேண்டியதில்லை. பழங்குடியினருக்கு வருமானம் பார்க்காமல் இலவச வழக்கறிஞர் தர 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12ஆம் பிரிவு வழி செய்கிறது. அதற்கான மனுவை வேலூர் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவிலேயே கொடுக்கலாம்.