கால் முறிவுக்கு ஒரு ரியூட்: அட்டவணை தங்கம், விதி பித்தளை

யாழ்ப்பாணத்தில் அமெரிக்க மெடிக்கல் கோடிங் (நோயையும் சிகிச்சையையும் பில்லுக்கான கோட்டாக மாற்றும் வேலை) படிக்கிற பிள்ளைகளின் கைகளில் ஒரு ரியூட், அதாவது வகுப்புக் கையேடு, சுற்றித் திரிகிறது. ரவுண் பக்கத்து வார இறுதி வகுப்பொன்று அடித்தது. 36 பக்கம், சுருள் கம்பி, முகப்பில் வகுப்பின் பெயர் கொட்டை எழுத்தில். எந்த ஆண்டுக்கான கோட் என்று மட்டும் எங்கும் இல்லை. ஒவ்வொரு ஒக்டோபர் 1இலும் கோட் புதுப்பிக்கப்படுகிற தொழிலில் இது சின்னப் பிழை அல்ல.

இங்கே பார்ப்பது ஒரு பகுதியை மட்டும்: கால் முறிந்து, எலும்பு நேரத்துக்குப் பொருந்தாமல் திரும்பத் திரும்பக் கிளினிக் வருகிறவருக்கு என்ன கோட் என்பது. பரீட்சையிலும் வேலையிலும் அதிகம் சறுக்குகிற இடம் அது.

நல்லதை முதலில் சொல்லிவிடலாம். முறிவுக் கோட்டின் கடைசியில் நின்று சிகிச்சையின் நிலையைச் சொல்லும் ஏழாம் எழுத்துக்கான அட்டவணை அருமை. 16 எழுத்தையும் நீளப் பட்டியலாகக் கொட்டாமல் மூன்று நிரலாகப் பிரித்திருக்கிறார்கள்: மூடிய முறிவு, திறந்த (தோல் கிழிந்த) முறிவு வகை 1 அல்லது 2, திறந்த முறிவு வகை 3. மூடிய நிரலில் மேலிருந்து கீழே ஏ, டி, ஜி, கே, பீ; அதாவது முதற் சிகிச்சை, வழமையாகப் பொருந்துவது, தாமதமாகப் பொருந்துவது, பொருந்தாதது, கோணலாகப் பொருந்தியது. பின்விளைவுக்கான எஸ் தனியே கீழே நிற்கிறது. இப்படிப் பார்த்தால் எழுத்தை மனப்பாடம் பண்ணத் தேவையில்லை, நிரலும் வரிசையும் தெரிந்தால் போதும்.

கோளாறு அடுத்த பக்கத்தில் தொடங்குகிறது. 'மூன்று மாதம் வரை டி, ஆறு மாதம் வரை ஜி, அதற்கு மேல் கே' என்று கட்டம் போட்டு ஒரு விதி. அப்படியொரு விதி அமெரிக்க நோய்க் கோட் தொகுதியான ஐசிடி-10-சிஎம் வழிகாட்டியில் கிடையாது. எழுத்தைத் தீர்மானிப்பது கலண்டர் அல்ல, வைத்தியர் எழுதிய சொல். 'டிலேட் யூனியன்' (தாமதப் பொருத்தம்) என்று அவர் எழுதினால் ஜி வரிசை, 'நொன்யூனியன்' (பொருந்தாமை) என்றால் கே வரிசை. ஐந்தாம் மாதக் குறிப்பில் 'கலஸ் (முறிவில் வளரும் புது எலும்பு) குறைவு, ஆறு கிழமையில் திரும்பப் பார்க்க' என்று மட்டும் இருந்தால் கோடர் தானாக ஜி போட முடியாது. வைத்தியரிடம் கேள்வி அனுப்பி, பதில் வரும்வரை கோப்பை நிறுத்தி வைக்க வேண்டும். எக்ஸ்ரே அறிக்கையை வாசித்து நாமே நோயை முடிவுசெய்யும் பழக்கத்தை இந்த விதி வளர்த்துவிடும்.

மாதிரிக் கோப்பிலும் இதே கோளாறுதான். இடது முழங்காலுக்குக் கீழே பெரிய எலும்பின் நடுத்தண்டு குறுக்கே முறிந்து விலகியிருக்கிறது. கஸ்ரிலோ (திறந்த காயத்தின் கடுமை அளவு) வகை 2 திறந்த முறிவு. உள்ளே ஆணி வைத்தாயிற்று. நாலாம் மாதக் குறிப்பில் 'டிலேட் யூனியன்'. ரியூட்டின் விடை எஸ்82.222டி. ஒரே எழுத்தில் இரண்டு பிழை: திறந்த முறிவு மூடியதாகிவிட்டது, தாமதமும் காணாமல் போய்விட்டது. சரியான விடை எஸ்82.222எச்; ஜி வரிசையில் வகை 1, 2 நிரலின் எழுத்து எச். தோல் ஆறி மூடிவிட்டதால் 'மூடிய' நிரலுக்குப் போய்விட்டார்கள் போலும். முறிந்த அன்று எது திறந்ததோ அது கடைசிவரை திறந்ததுதான். கஸ்ரிலோ வகை எழுதப்படாத திறந்த முறிவு வகை 1, 2 நிரலில் விழும். திறந்ததா மூடியதா என்றே குறிப்பில் இல்லையென்றால் மூடியது. விலகியதா இல்லையா என்று இல்லையென்றால் விலகியது. இந்த இரண்டு வரியும் ரியூட்டில் இல்லை.

பொருந்தாத எலும்புக்குத் திரும்ப ஒப்பரேஷன் செய்தால் ஏ போடச் சொல்கிறது ரியூட். ஒப்பரேஷன் என்றால் முதற் சிகிச்சைதானே என்று தோன்றும். ஆனால் நொன்யூனியனுக்கான கவனிப்பு, கத்தி வைத்தாலும், கே, எம், 'என்' என்ற வரிசைதான். முறிவுக்கோ நொன்யூனியனுக்கோ சிகிச்சை தேடாமலே இருந்து பிந்தி வந்தவருக்குத்தான் ஏ வரிசை.

நம்மூர்ப் பதிவறைகளில் வேலை செய்துவிட்டு வருகிறவர்களுக்கு இன்னொரு பொறி உண்டு. நம் அரச வைத்தியசாலைகளில் பாவிக்கும் உலக சுகாதார நிறுவனத்து ஐசிடி-10இல் தாமதப் பொருத்தத்துக்கு எம்84.2 என்று தனிக் கோட் இருக்கிறது. அமெரிக்கப் பதிப்பில் அது இல்லை, ஏழாம் எழுத்துக்குள் போய்விட்டது. ரியூட் இதை ஒரு வரியில் சொல்லியிருந்தால் பாதிப் பேருடைய குழப்பம் தீர்ந்திருக்கும். அதற்குப் பதிலாக இசட்47.89ஐப் பின்கவனிப்புக் கோட் என்று சேர்க்கச் சொல்கிறது. காய முறிவுக்கு அந்த இசட் கோட் கூடாது. பின்கவனிப்பு என்பதை ஏழாம் எழுத்தே சொல்லிவிடுகிறது.

காயம் எப்படி வந்தது என்று சொல்லும் காரணக் கோட் பகுதி பரவாயில்லை. மரத்தால் விழுந்தவருக்கு டபிள்யூ14.எக்ஸ்எக்ஸ்எக்ஸ்டி. மூன்று எக்ஸும் இடம் நிரப்ப. முறிவுக்கு ஜி வந்தாலும் இங்கே டிதான், காரணக் கோட்டுக்கு ஏ, டி, எஸ் தவிர வேறு எழுத்தே இல்லை. இதைச் சரியாகப் பிடித்திருக்கிறார்கள். பனையால் விழுந்தவரை உதாரணம் காட்டியதும் நம்மூர்ப் பிள்ளைக்கு உடனே ஏறும்.

பில் பக்கம் ரியூட்டின் பலவீனமான பகுதி. ஆணி வைக்கும் சிகிச்சைக்கான கோட் சிபிடி 27759க்கு, அமெரிக்க அரசின் மருத்துவக் காப்புறுதியான மெடிகேரில் 90 நாள் குளோபல் காலம், அதாவது அந்த நாட்களின் வழமையான பின்கவனிப்பு ஒப்பரேஷன் காசுக்குள் அடக்கம். அறுபதாம் நாள் கிளினிக் வருகைக்கு ரியூட் வருகைக் கோட் 99213ஐ மொடிபையர் (கோட்டுடன் ஒட்டும் குறி) 24உடன் போடுகிறது. 24 என்பது சம்பந்தமில்லாத நோய்க்கு. அதே எலும்பின் தாமதம் எப்படிச் சம்பந்தமில்லாததாகும்? அங்கே பின்கவனிப்பு வருகைக்கான 99024, காசு இல்லை. ஆனால் அன்று எடுத்த எக்ஸ்ரே 73590ஐத் தனியே கேட்கலாம். மாற்றிப் போட்ட குட்டைக் கால் பிளாஸ்டர் 29405ஐயும் கேட்கலாம். முதற் கட்டு மட்டும்தான் சிகிச்சைக்குள் அடக்கம். 120ஆம் நாள் வந்தால் வழமையான வருகைக் கோட்.

எலும்பு தூண்டும் அல்ட்ராசவுண்ட் 20979 பற்றி ஒரேயொரு வரி, அதுவும் ஜியுடன் சேர்த்து. மெடிகேர் கேட்பது நொன்யூனியன். குறைந்தது 90 நாள் இடைவெளியில் இரண்டு எக்ஸ்ரேத் தொகுதிகள், வைத்தியரின் எழுத்துடன் வேண்டும். ஜியுடன் அனுப்பினால் மரத்தால் விழுந்தவனை மாடேறி மிதித்த கதைதான்: காலும் பொருந்தவில்லை, காசும் வரவில்லை.

வாங்கலாமா? அட்டவணைக்காக வாங்கலாம், இரண்டாங்கையாகக் கிடைத்தால் இன்னும் நல்லது. மாத விதிக் கட்டத்தைப் பேனையால் குறுக்கே வெட்டிவிடுங்கள். அட்டவணையை வெட்டிக் கோட் புத்தகத்தில் ஒட்டச் சொல்கிறது கடைசிப் பக்கம்; அதைச் செய்யாதீர்கள். சிபிசி என்ற கோடர் பரீட்சைக்குக் கொண்டுபோகும் புத்தகத்தில் அச்சுத்தாள் ஒட்டக்கூடாது. எஸ்82 பக்கத்து ஓரத்தில் பொடி எழுத்தில் கையால் எழுதிக்கொள்ளுங்கள், மூன்று நிரல், ஐந்து வரி.